பட்டா மாற்றத்தில் வருவாய் அலுவலரின் அதிகார எல்லை

நில வரிப் பதிவேடுகளில் பெயரைச் சேர்க்கவும் நீக்கவும் திருத்தவும் வருவாய்த் துறைக்குச் சட்டம் தந்துள்ள அதிகாரமும் அதன் வரம்புமே இக்கட்டுரையின் பொருள். நிலக்கோட்டை வட்டத்தைச் சேர்ந்த வத்தலக்குண்டில் பட்டா மாற்றுபவர் வட்டாட்சியர். உட்பிரிவு தேவையில்லாத இனங்களை மண்டலத் துணை வட்டாட்சியரே முடித்துவிடுவார். நிலம் யாருக்குச் சொந்தம் என்ற தகராறு எழுந்தால் இருவராலுமே தீர்ப்புச் சொல்ல முடியாது; அது உரிமையியல் நீதிமன்றத்தின் வேலை.

இந்த வரம்பின் காரணம் வரலாற்றில் இருக்கிறது. வத்தலக்குண்டு அடங்கிய திண்டுக்கல் சீமையை 1790இல் திப்பு சுல்தானிடமிருந்து கைப்பற்றிய கிழக்கிந்தியக் கம்பெனி, 1792 சீரங்கப்பட்டண உடன்படிக்கையால் அதைத் தனதாக்கிக்கொண்டது. கலெக்டர் ஹர்டிஸ் காலத்தில் நிலங்கள் அளக்கப்பட்டுத் தரம் பிரிக்கப்பட்டன. அடுத்து, சீமையை மிட்டாக்கள் எனும் வரிவசூல் பகுதிகளாகப் பிரித்து நிரந்தரத் தீர்வையில் விட்டார்கள். மிட்டாதாரர்களால் வரி கட்ட முடியாமல் அந்த ஏற்பாடு சில ஆண்டுகளிலேயே குலைந்தது. பின்னாளில் குடியானவரிடம் நேரே தீர்வை வாங்கும் ரயத்துவாரி முறை நிலைபெற்றது. பட்டா அந்த முறையின் பிள்ளை. இந்த நிலத்துக்கு இவர் இவ்வளவு கட்ட வேண்டும் என்று சொல்லும் தாள் அது. தீர்வைக்காக எழுதிய தாளைச் சொத்துரிமைக்கே சாசனமாக ஊர் நம்பத் தொடங்கியதில்தான் பிற்காலச் சிக்கல் பலவும் வேர்விட்டன.

வருவாய் வாரியத்தின் 31ஆம் நிலையாணை பெயர் மாற்றத்துக்கு நெடுங்காலம் வழிகாட்டியது. அது நிர்வாக ஆணையே. சட்டமன்றம் இயற்றிய சட்டமன்று. நடைமுறையில் பதிவேடு கிராமக் கணக்கப்பிள்ளையின் கையில் இருந்தது. ஒரு காலத்தில் பரம்பரையாக வந்த அந்தப் பதவியை எம்.ஜி.ஆர். அரசு 1980 நவம்பரில் ஒழித்தது. கிராம நிர்வாக அலுவலர் பதவி பிறகு வந்தது. 1979 முதல் 1987 வரை நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டம் பதிவேடுகளைப் புதுப்பித்தது. அதில் விடுபட்ட பெயர்களும் தவறிய பரப்புகளும் இன்றுவரை மனுக்களாக அலுவலகம் ஏறுகின்றன. எழுதிய கை அரசுடையது. அலைகிற கால் குடியானவருடையது. இந்த அநீதியைச் சிறு எழுத்துப்பிழை என்று ஒதுக்கிவிட முடியாது.

அலுவலரின் கைக்குச் சட்டத்தால் வரம்பு கட்டியது 1983ஆம் ஆண்டுத் தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டம் (1986இன் 4ஆவது சட்டம்). வட்டாட்சியர் உத்தரவின் மேல் வருவாய்க் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யலாம் என்கிறது 12ஆம் பிரிவு. 13ஆம் பிரிவின் கீழ் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு கோரலாம். மிக முக்கியமானது 14ஆம் பிரிவு. பதிவைத் திருத்தச் சொல்லி அரசின்மீதோ அலுவலர்மீதோ வழக்குப் போட முடியாது என்று அது ஒரு கதவை அடைக்கிறது. ஆனால் பதிவால் பாதிக்கப்பட்டவர், தம் உரிமையை மறுப்பவர்மீது விளம்புகை வழக்குத் தொடரலாம் என்று இன்னொரு கதவைத் திறந்தும் வைக்கிறது. அந்தத் தீர்ப்புக்கு ஏற்பப் பதிவு திருத்தப்பட்டாக வேண்டும்.

இந்தச் சட்டத்தின் கீழ் வந்த 1987 விதிகளில் 4ஆம் விதி இன்னும் தெளிவு. உடைமை பற்றிய வழக்கு நிலுவையில் இருந்தாலும், வாரிசுரிமைச் சட்டம் சார்ந்த கேள்வி எழுந்து தொடர்புடைய எல்லோரும் எழுத்தில் ஒத்துக்கொள்ளாவிட்டாலும், வட்டாட்சியர் இருக்கிற பதிவைத் தொடாமல் அவர்களை நீதிமன்றத்துக்கு அனுப்ப வேண்டும். இந்த விதி யாரைக் காக்கிறது என்பதைக் கூட்டுப் பட்டாக்களில் காணலாம். தகப்பன் இறந்ததும் ஆண்மக்கள் பெயரை மட்டும் ஏற்றிக்கொள்வது பழைய வழக்கம். 1989இல் தமிழ்நாடும் 2005இல் நாடாளுமன்றமும் இந்து வாரிசுரிமைச் சட்டத்தைத் திருத்திப் பூர்வீகச் சொத்தில் மகள்களுக்குப் பங்கு தந்த பிறகு, சகோதரியை விட்டுவிட்டு அவசரமாகப் பட்டா மாற்றுவது அவள் பங்கைக் காகிதத்திலிருந்து துடைப்பதே ஆகும். பங்கு அப்போதும் அழிவதில்லை. அதை நிறுவும் சுமை மட்டும் அவள் தலையில் ஏறுகிறது.

நீதிமன்றங்கள் இந்த எல்லையைப் பலமுறை உறுதிசெய்துள்ளன. பெயர் மாற்ற நடவடிக்கை உரிமையைத் தீர்க்கும் நீதி விசாரணை ஆகாது என்று லண்டன் பிரிவி கவுன்சில் 1926லேயே கூறிவிட்டது. ஜமீன் ஒழிப்புக்குப் பின் நிலவரித்திட்ட அலுவலர் வழங்கிய ரயத்துவாரி பட்டாவும் உரிமை வழக்கைத் தடுக்காது என்பது இராமலிங்க சுவாமிகள் மடம் வழக்கில் 1985இல் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பு. பெயர் மாற்றம் உரிமையைப் படைப்பதும் இல்லை, பறிப்பதும் இல்லை என்று 1996இல் சவர்ணி வழக்கில் அதே நீதிமன்றம் கூறியது. விஸ்வாஸ் ஃபுட்வேர் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் 2011இல் இதே எல்லையை வலியுறுத்தி அளித்த தீர்ப்பு தமிழகப் பட்டாத் தகராறுகளில் அடிக்கடி எடுத்தாளப்படுகிறது. 2004 ஜூலையில் மதுரைக் கிளை திறந்ததால், வட்டாட்சியர் வரம்பு மீறினார் என்று ரிட் மனுப் போட வத்தலக்குண்டுக்காரர் சென்னைக்குப் போக வேண்டியதில்லை.

பத்திரப் பதிவிலும் இதே கேள்வி எழுந்தது. விற்பவர் தம் உரிமைக்கான முன் ஆவணத்தைக் காட்டாவிட்டால் பதிவை மறுக்கலாம் என்றிருந்த தமிழ்நாட்டுப் பதிவு விதிகளின் 55ஏ(i) விதியை உச்ச நீதிமன்றம் 2025 ஏப்ரலில் செல்லாது என்றது. உரிமையை ஆராய்வது சார்பதிவாளர் வேலையன்று என்பதே காரணம். ஆகவே பத்திரம் பதிவானது என்பதாலும் அதைத் தொடர்ந்து பட்டா மாறியது என்பதாலும் விற்றவருக்கு உரிமை இருந்தது என்று ஆகிவிடாது. வாங்குபவர் மூலப் பத்திரங்களையும் வில்லங்கச் சான்றையும் தாமே வரிசையாகப் பார்த்தாக வேண்டும்.