புக்கிட் ஜாலிலில் வென்ற ராஜகோபால்

பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடுகிற திருமுக்கூடலில் நீரைவிட மணலைக் காணும் நாள்களே அதிகம். அந்த மணலில் மாலை வேளைகளில் கால்பந்து ஆடும் சிறுவர்களில் என் தங்கை மகனும் ஒருவன். அண்மையில் ஒருநாள், பெரியவனாகி விளையாட முடியாமல் போனால் பயிற்சியாளர் ஆகலாமே என்று அவனிடம் சொன்னேன். "நம்மாளுங்கள யாரு மாமா கோச்சா வைப்பாங்க?" என்றான். பதினைந்து வயதுக்குள் அவன் இந்த முடிவுக்கு வந்துவிட்டது எனக்கு வருத்தமாக இருந்தது. அவனுக்குப் பதிலாகச் சொல்லத் தொடங்கி, அன்று பாதியில் நின்றுபோன கதைதான் இது.

கிருஷ்ணசாமி ராஜகோபால் 1956ஆம் ஆண்டு கோலாலம்பூரில் பிறந்தவர், இந்திய வம்சாவளியினர். சிலாங்கூர் உள்ளிட்ட அணிகளுக்காகவும் மலேசியாவின் தேசிய அணிக்காகவும் ஆடினார். ஆட்டக்காரராக அவருடைய பெயர், மொக்தார் டஹாரி, 'ஸ்பைடர்மேன்' என்றழைக்கப்பட்ட இலக்குக் காப்பாளர் ஆர். ஆறுமுகம் போன்றோரின் பெயர்களுக்கு இணையாக ஒலித்ததில்லை. அவர்கள் காலத்து மலேசியா, 1980 மாஸ்கோ ஒலிம்பிக்குக்குத் தகுதி பெற்று, அரசின் புறக்கணிப்பு முடிவால் செல்லாமல் விட்ட மலேசியா. அந்தத் தலைமுறைக்குப் பின் அந்நாட்டுக் கால்பந்து சரிந்தது. ஆடுவதை நிறுத்திய ராஜகோபால், பெரும் புகழ் தராத இளையோர் அணிகளையும் மாநில அணிகளையும் பயிற்றுவித்தபடி அந்தச் சரிவின் ஊடாகவே நடந்தார்.

2009 ஜனவரியில், ஆசியக் கோப்பைத் தகுதிச் சுற்றில் ஐக்கிய அரபு அமீரகத்திடம் மலேசியா சொந்த மண்ணிலேயே 0-5 எனத் தோற்றது. அப்போதைய பயிற்சியாளர் பி. சத்தியநாதன் பதவி இழந்தார். அந்த இடத்துக்கு ராஜகோபால் வந்தார். யாரும் பொறாமைப்படக்கூடிய பதவியாக அப்போது அது இல்லை.

அதே ஆண்டு டிசம்பரில் லாவோஸ் தலைநகர் வியன்டியானில் தென்கிழக்கு ஆசிய விளையாட்டுப் போட்டிகள் நடந்தன. கால்பந்தில் 23 வயதுக்குட்பட்டோர் ஆடினர். முதற்சுற்றில் வியட்நாமிடம் மலேசியா 1-3 எனத் தோற்றது. பின்னர் தாய்லாந்தை 2-1 என வீழ்த்தி, அந்தப் பெரிய அணியை முதற்சுற்றோடு வெளியேற்றியது. இறுதியாட்டத்தில் மீண்டும் வியட்நாம். ஆட்டம் முடியச் சில நிமிடங்களே இருந்தபோது வியட்நாம் ஆட்டக்காரர் ஒருவரின் காலில் பட்டுப் பந்து அவர்களுடைய வலைக்குள்ளேயே புகுந்தது. 1-0. 1989க்குப் பிறகு மலேசியாவுக்குக் கிடைத்த முதல் தங்கம். எதிரணியின் பிழையால் கிடைத்த வெற்றி என்று சொன்னவர்கள் உண்டு. பிழை செய்யும்வரை எதிரணியை நெருக்கியவர்கள் யார் என்று கேட்டவர்கள் குறைவு.

உண்மையான சோதனை அடுத்த ஆண்டு வந்தது. 2010 டிசம்பர் 1 அன்று ஆசியான் நாடுகளின் சுசுகி கோப்பைத் தொடரின் முதல் ஆட்டத்திலேயே ஜகார்த்தாவில் இந்தோனேசியாவிடம் 1-5 எனத் தோற்றது மலேசியா. இப்படியொரு தொடக்கத்துக்குப் பிறகு ஒரு பயிற்சியாளர் எதைச் செய்வார்? பாதி அணியை மாற்றுவார். அல்லது பத்திரிகையாளர்களிடம் நடுவரைக் குறை கூறுவார். ராஜகோபால் தன் இளைஞர்களைக் கைவிடவில்லை. தாய்லாந்துடன் 0-0, லாவோஸுக்கு எதிராக 5-1, அரையிறுதியில் நடப்புச் சாம்பியனான வியட்நாமை உள்ளூரில் 2-0 என வென்று, ஹனோயில் 0-0 எனத் தாக்குப்பிடித்து இறுதிக்கு வந்தது அவருடைய அணி. எதிரே நின்றது அதே இந்தோனேசியா.

டிசம்பர் 26, புக்கிட் ஜாலில் விளையாட்டரங்கம். முதல் பாதியில் கோல் இல்லை. இரண்டாம் பாதியில், பார்வையாளர் பகுதியிலிருந்து லேசர் ஒளி முகத்தில் பாய்ச்சப்படுவதாகக் கூறி இந்தோனேசிய ஆட்டக்காரர்கள் களத்தைவிட்டு வெளியேற, ஆட்டம் சில நிமிடங்கள் நின்றது. (ரசிகர்களின் அந்தச் செயல் வெட்கத்துக்குரியது, வெற்றியைச் சொல்கிறவர்கள் அதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.) மீண்டும் தொடங்கியபின் சாஃபி சாலி இரண்டு கோல், அஷாரி சம்சுதீன் ஒரு கோல். 3-0. மூன்று நாள் கழித்து ஜகார்த்தாவில், தொடக்கத்திலேயே இந்தோனேசியாவுக்குக் கிடைத்த பெனால்டியை 21 வயது கைருல் ஃபாமி தடுத்தார். இரண்டாம் பாதியில் சாஃபி சாலி மீண்டும் ஒரு கோல் அடித்தார். அந்த ஆட்டத்தில் 1-2 எனத் தோற்றாலும், மொத்தம் 4-2 என்ற கணக்கில் கோப்பை முதன்முறையாக மலேசியாவுக்கு வந்தது. டிசம்பர் 31ஐ அரசு பொது விடுமுறையாக அறிவித்தது.

இந்த வெற்றியைத் தனியொருவரின் மந்திரமாக நான் பார்க்கவில்லை. 2009 முதல் 2011 வரை மலேசிய லீக்கில் வெளிநாட்டு ஆட்டக்காரர்களுக்கு இடமில்லை. அதனால் மற்ற காலங்களில் மாற்று ஆட்டக்காரர்களின் இருக்கையில் உட்கார்ந்திருக்கக்கூடிய சாஃபி சாலி போன்ற உள்ளூர் முன்கள வீரர்கள் வாரந்தோறும் முழு ஆட்டம் ஆடினார்கள். அத்தகைய தடை லீக்கின் தரத்தை உயர்த்துமா என்பது வேறு விவாதம். எனக்கும் அதில் ஐயம் உண்டு. ஆனால் கையில் கிடைத்த அந்த இளைஞர்களை ஒரே கூட்டமாக 23 வயது அணியிலிருந்து தேசிய அணிக்கு அழைத்துவந்ததும், 1-5க்குப் பின்னும் அவர்களை நம்பியதும் ராஜகோபாலின் முடிவுகள். எதிரே இருந்த இந்தோனேசியாவுக்கு ஆஸ்திரியப் பயிற்சியாளர் ஆல்ஃபிரட் ரீடலும், உருகுவேயில் பிறந்து குடியுரிமை பெற்ற கிறிஸ்டியன் கொன்சாலஸும் இருந்தார்கள்.

நமக்கும் இதே கதை ஒன்று உண்டு. 1962 ஆசிய விளையாட்டில் இந்தியா முதல் ஆட்டத்தில் தென் கொரியாவிடம் 0-2 எனத் தோற்றது. இறுதியில் அதே தென் கொரியாவை 2-1 என வென்று தங்கம் பெற்றது. பயிற்சியாளர் ஹைதராபாத்தைச் சேர்ந்த சையது அப்துல் ரஹீம், முன்பு பள்ளி ஆசிரியர். இறுதியாட்டத்தில் கோல் காத்தவர் பீட்டர் தங்கராஜ். ஆட்டம் நடந்தது ஜகார்த்தாவின் செனாயன் மைதானத்தில். 48 ஆண்டுகளுக்குப் பின் ராஜகோபாலின் அணி கோப்பையை உயர்த்தியதும் அங்கேதான். ரஹீம் மறு ஆண்டே புற்றுநோயால் இறந்தார். ஆசிய விளையாட்டுக் கால்பந்தில் இந்தியா அதன்பின் தங்கம் வென்றதில்லை.

ராஜகோபாலுக்கு இறங்குமுகமும் விரைவில் வந்தது. 2011இல் உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில் சிங்கப்பூரிடம் மொத்தம் 4-6 எனத் தோல்வி. 2012இல் சொந்த மண்ணில் அதே சிங்கப்பூரிடம் 0-3. அரையிறுதியில் தாய்லாந்திடம் வெளியேற்றம். 2014இல் தேசிய அணி டொல்லா சாலேயின் கைக்குப் போனது. ராஜகோபால் சரவாக் மாநில அணிக்குப் பயிற்சியளிக்கச் சென்றார். இவை அவருடைய தவறுகளே இல்லை என்று நான் வாதாட மாட்டேன். சிங்கப்பூர் போன்ற உடல் வலுவுள்ள அணிகளுக்கு எதிராக அவருடைய வேக ஆட்டத்துக்கு மாற்றுத் திட்டம் இருந்ததாகத் தெரியவில்லை.

ஆயினும் பின்னர் மலேசியக் கால்பந்து தேர்ந்த குறுக்கு வழியைப் பாருங்கள். 2025 ஜூனில் வியட்நாமை 4-0 என வென்ற அணியில் இடம்பெற்ற, வெளிநாட்டில் பிறந்த ஏழு ஆட்டக்காரர்களின் பரம்பரை ஆவணங்கள் போலியானவை என்று ஃபிஃபாவின் ஒழுங்கு நடவடிக்கைக் குழு செப்டம்பரில் முடிவு செய்து, ஏழு பேருக்கும் ஓராண்டுத் தடையும் சங்கத்துக்கு அபராதமும் விதித்தது. விவகாரம் மேல்முறையீட்டுக்குச் சென்றது. உள்ளூர்ப் பிள்ளைகளைக் கொண்டே கோப்பையை வென்று காட்டியவர் இருந்த நாட்டில் நடந்தது இது.

இங்கும் நிலைமை பெரிதாக வேறில்லை. 2012க்குப் பிறகு இந்திய அணியின் தலைமைப் பயிற்சியாளர் பொறுப்பு ஓர் இந்தியருக்கு முழுமையாகக் கிடைக்க, 2025 ஆகஸ்டில் காலித் ஜமில் நியமிக்கப்படும் வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. சென்னையின் அணியில் நீண்ட காலம் துணைப் பயிற்சியாளராக இருந்த சபீர் பாஷாவுக்கு, 2022இல் தலைமைப் பொறுப்பு இடைக்காலமாக மட்டுமே வந்தது.

எங்கள் ஊர்ப் பெருமாள் கோயிலில் வீரராசேந்திர சோழனின் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. பதினைந்து படுக்கைகள் கொண்ட ஆதுலர் சாலையை நடத்த, தலைமை மருத்துவர் முதல் மூலிகை கொண்டுவருபவர் வரை எவருக்கு எவ்வளவு என்று அதில் பொறித்திருக்கிறார்கள். மாவட்ட மைதானங்களில் ஊதியமின்றிப் பயிற்சியளிக்கும் பழைய ஆட்டக்காரர்களைப் பார்க்கும்போதெல்லாம் அந்தக் கல்வெட்டு எனக்கு நினைவுக்கு வருகிறது. உரிமத் தேர்வுக்கான கட்டணத்தைக் கடன் வாங்கிக் கட்டிய ஒருவரை எனக்குத் தெரியும். இப்போது அவர் பட்டுத்தறிக்குத் திரும்பிவிட்டார். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் மணலுக்கு வருகிறார். என் தங்கை மகன் அவரிடம்தான் ஆடக் கற்றான்.