நம்ம கோயில் எங்க இருந்துச்சு? பெண் யானை நடந்த எல்லையும் கைப்பேசி மேப்பும்

  இது கொஞ்சம் நீளமான பதிவு. நிதானமா படிச்சுட்டு வீட்டுல இருக்கிற பெரியவங்களுக்கும் படிச்சுக் காட்டுங்க.

காம்பார் வட்டாரத் தோட்டக் கோயில்களைப் பத்தி எழுதணும்னு பேச்சு வந்தா, எல்லாரும் முதல்ல கேட்கிறது "எந்த வருஷம் கட்டினாங்க?" என்பதுதான். அதுக்கு முன்னாடி ஒரு கேள்வி இருக்கு: அது எங்க இருந்துச்சு? "அந்தத் தோட்டத்துலதான்" என்று பதில் வரும். ஆனா தோட்டம் இன்னைக்கு தாமான் ஆயிடுச்சு. லயம் இல்ல, பால்மரம் இல்ல. கையை நீட்டி இடம் காட்டக்கூடிய பெரியவங்களும் குறைஞ்சுக்கிட்டே வர்றாங்க.

இடத்தை எழுதி வைக்கிறது நம்ம பண்பாட்டுக்குப் புதுசு இல்லீங்க. நம்ம மலேசிய மண்ணோடு சம்பந்தப்பட்ட ஒரு சான்றே இருக்கு. ஸ்ரீவிஜயத்தையும் கடாரத்தையும் ஆண்ட அரச குடும்பம் நாகப்பட்டினத்தில் ஒரு புத்த விகாரம் கட்டியது. அதன் செலவுக்காக முதலாம் ராஜராஜ சோழன் கி.பி. 1006 வாக்கில் ஆனைமங்கலம் என்ற ஊரைக் கொடுத்தார். அந்த ஊரின் எல்லையில் ஒரு பெண் யானையை நடக்க விட்டு, அது போன வழியில் கல்லும் கள்ளிச்செடியும் நட்டார்கள். எந்தத் திசையில் எந்த ஊர், எந்த வாய்க்கால் என்று செப்பேட்டில் பொறித்தார்கள். அந்தச் செப்பேடு ஹாலந்து நாட்டு லெய்டன் நகரத்துக்குப் போனதால் அதுக்கு லெய்டன் செப்பேடு என்று பேர் வந்தது.

தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளையும் பாருங்க. கோயிலுக்கு வருமானம் தரும் ஒவ்வொரு ஊருக்கும் மொத்த நிலம் எவ்வளவு, அதில் வரி இல்லாத இடம் எவ்வளவு என்று கணக்கு இருக்கு. குடியிருப்பு, கோயில், குளம், வாய்க்கால், சுடுகாடு, சேரி எல்லாத்தையும் தனியா கழிச்ச பிறகுதான் நெல் எவ்வளவு என்று எழுதினாங்க. சின்ன ஊர்க் கோயில்கூட அரசாங்கக் கணக்கில் இருந்துச்சு.

இந்தக் கல்வெட்டுகளை வெச்சுத்தான் பேராசிரியர் எ. சுப்பராயலு ஒரு பெரிய வேலை செய்தார். சோழர் காலத்து 'நாடு' என்கிற பிரிவுகள் எங்கெங்க இருந்துச்சுன்னு யாருக்கும் சரியா தெரியாத காலம் அது. கோயில் சுவர்களில் வரும் ஊர்ப் பெயர்களைத் திரட்டி, இன்றைய ஊர்களோடு பொருத்தி, மேப்பில் ஒவ்வொரு புள்ளியா வெச்சார். 1973இல் அது நூலாக வந்தது. புள்ளிகள் சேர்ந்ததும் ஒரு உண்மை தெரிஞ்சுது. காவிரித் தண்ணி பாயும் இடத்தில் நாடுகள் சின்னதா நெருக்கமா இருக்கு. வறண்ட பகுதியில் அதே நாடு ரொம்பப் பெரிசா விரியுது. அப்படின்னா அரசன் கோடு போட்டுப் பிரிச்ச பிரிவு இல்ல. தண்ணியையும் விவசாயத்தையும் ஒட்டி மக்கள் சேர்ந்து வாழ்ந்த வட்டாரம். எந்தக் கல்வெட்டிலும் இந்த விஷயம் நேரடியா எழுதப்படல. மேப்புதான் அதைக் காட்டுச்சு. பிறகு புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தில் அவர் தலைமையில் தென்னிந்திய வரலாற்று மேப்புத் தொகுப்பு கணினியில் உருவானது.

அந்தக் கணினி முறைக்குத்தான் புவியியல் தகவல் முறை, சுருக்கமா ஜிஐஎஸ், என்று பேர். 1960களில் கனடாவில் நாட்டு நிலவளத்தைக் கணக்கெடுக்க ரோஜர் டாம்லின்சன் என்பவர் இதைத் தொடங்கி வெச்சார். கண்ணாடி மாதிரித் தெரியும் தாள்களை ஒன்னு மேல ஒன்னா அடுக்கிறதா நினைச்சுக்குங்க. ஒரு தாளில் ஆறு, ஒன்றில் ரோடு, ஒன்றில் பழைய தோட்ட எல்லை, ஒன்றில் கோயில். எல்லாத்தையும் ஒரே இடத்தில் பொருத்தினா எது எதுக்குப் பக்கத்தில் இருந்துச்சுன்னு கண்ணுக்குத் தெரியும்.

நம்ம தாத்தா பாட்டி உயிரே இப்படிப்பட்ட மேப்பில் அடங்கி இருந்துச்சு. 1901இல் கிள்ளானுக்கு டாக்டராக வந்த மால்கம் வாட்சன், தோட்டம் தோட்டமாப் போய் பிள்ளைகளின் மண்ணீரல் வீக்கத்தைப் பரிசோதித்தார். மலேரியா எங்கே கடுமைன்னு அது காட்டும். எந்த லயத்தில் எத்தனை பிள்ளைகளுக்கு வீக்கம், அந்த லயம் குன்றிலிருந்தும் ஓடையிலிருந்தும் எவ்வளவு தூரம் என்று பொருத்திப் பார்த்தார். சமவெளியில் காட்டை அழிச்சு வடிகால் வெட்டினா காய்ச்சல் குறைஞ்சுது. குன்றுப் பகுதியில் காட்டை அழிச்சா, வெயில் படும் ஓடையில் வேற வகைக் கொசு பெருகி காய்ச்சல் கூடுச்சு. லயம் எங்க இருந்துச்சு என்பதே ஒரு குடும்பத்தின் விதியைத் தீர்மானிச்சது.

நம்ம ஊரும் பூஜாங் மலாக்கா மலையடிவாரம்தானே. நோய் கண்ட காலத்தில் மாரியம்மனுக்கு வேண்டிக்கிட்டுக் கட்டின கோயில் என்று பத்துகாஜா பக்கம் கெல்லி காசல் மாரியம்மன் ஆலயத்தைப் பத்திச் சொல்வாங்க. அப்படிப்பட்ட கதை பல தோட்டங்களில் உண்டு. கோயில் புள்ளிகளையும் பழைய லயங்களையும் ஓடைகளையும் ஒரே மேப்பில் வெச்சா, அந்தக் கதைகளைச் சரித்திரமா ஆராய முடியும்.

இப்ப சட்டப் பக்கத்தைப் பார்ப்போம். பேராக்கில் 1897இல் நிலப் பட்டாப் பதிவுச் சட்டம் வந்தது. பதிவேட்டில் யார் பேர் இருக்கோ அவங்களுக்கே நிலம். தோட்டம் முழுக்க கம்பெனி பேரில் ஒரே கிராண்ட். உள்ளே இருந்த பல கோயில்களுக்குத் தனி லாட் நம்பரே கிடையாது. துரை வாய்வார்த்தையா அனுமதி கொடுத்திருப்பார், அவ்வளவுதான். 1965ஆம் ஆண்டு தேசிய நிலச் சட்டப்படி, நூறு வருஷம் கும்பிட்ட இடமா இருந்தாலும், அங்கேயே இருந்தோம் என்பதால் மட்டும் நிலம் சொந்தமாகாது. தோட்டம் கைமாறி துண்டானப்ப நிறைய கோயில்கள் கையில் காகிதமே இல்லாம நின்னதுக்கு இதுதான் காரணம்.

1941 டிசம்பர் 30 முதல் 1942 ஜனவரி 2 வரை காம்பார் போர் நடந்துச்சு. அந்த நாலு நாள் சண்டை நடந்த மேடுகளை, கிரீன் ரிட்ஜ், தாம்சன் ரிட்ஜ் என்று பேரோட வரலாற்று நூல்களில் குறிச்சிருக்காங்க. அந்த வீரர்களுக்கு அந்த மரியாதை வேணும். மூணு தலைமுறை பொங்கல் வெச்ச இடத்துக்கும் ஒரு புள்ளி வேணும்னுதான் நான் கேட்கிறேன்.

நாம செய்யக்கூடியது இதுதான்:

1. கோயில் இன்னும் இருந்தா, முகப்பில் திறந்தவெளியில் நின்னு கைப்பேசியில் அட்சரேகை, தீர்க்கரேகை எண்களைக் குறிங்க. தசமப் புள்ளிக்குப் பிறகு ஐந்து எண் வரை எழுதுங்க. நாலாவது எண் சுமார் 11 மீட்டரைக் குறிக்கும், ஐந்தாவது சுமார் 1 மீட்டர்.

2. கோயில் இடம் மாறியிருந்தா, பழைய இடத்தைத் தனியா குறிங்க. அரசமரம், கிணறு, சூலம் நட்ட கல், ஈய லம்பக் குட்டை எதுவா இருந்தாலும் அடையாளம்தான்.

3. எல்லாப் பேரையும் எழுதுங்க. கம்பெனி வெச்ச பேர் ஒன்னு, நம்ம ஆளுங்க கூப்பிட்ட பேர் ஒன்னு, மலாய்ப் பேர் இன்னொன்னு இருக்கும். பழைய தாள்களைத் தேடுறவங்க 'கிந்தா' என்ற பேரிலும் தேடணும். காம்பார் தனி மாவட்டம் ஆனது 2009இல்தான்.

4. தகவல் எப்படிக் கிடைச்சுதுன்னு குறிங்க: நேரில் பார்த்ததா, பழைய மேப்பில் இருக்கா, பெரியவர் வாய்மொழியா? மூணையும் கலக்காதீங்க. வாய்மொழிக்கும் மதிப்பு உண்டு, ஆனா அது வாய்மொழின்னு தெரியணும்.

பழைய சர்வே மேப்பு வெச்சிருக்கிறவங்களுக்கு ஒரு எச்சரிக்கை. அந்த மேப்புகள் பகாங்கில் உள்ள கெர்த்தாவ் என்ற இடத்தை ஆதாரமா வெச்ச கணக்கில் போட்டது. கைப்பேசி உலகப் பொதுக் கணக்கில் ஓடுது. மாற்றிக் கணக்கிடாம எண்ணை அப்படியே போட்டா கோயில் நூறு மீட்டருக்கும் மேல தள்ளிப் போய், பக்கத்து லாட்டில் உட்காந்துடும். ரயில் பாலம், பழைய ரோடு சந்திப்பு மாதிரி மாறாத இடங்களை வெச்சு முதல்ல பொருத்தணும். கியூஜிஐஎஸ் என்கிற இலவச மென்பொருளில் இதைச் செய்யலாம். காலேஜ் படிக்கிற நம்ம பிள்ளைகள் இந்த வேலைக்கு முன்வரணும்.

மேப்பில் புள்ளி வெச்சா நிலம் நம்ம பேருக்கு வந்துடாது. நில அலுவலகத்தில் விண்ணப்பம், பேச்சுவார்த்தை எல்லாம் அதுக்குரிய வழியில்தான் நடக்கணும். ஆனா அந்தப் பேச்சுக்கு உட்காரும்போது, "இங்கதான் எங்கயோ இருந்துச்சு" என்று சொல்றவங்களுக்கும், இடத்தையும் பழைய மேப்பையும் பெரியவர் வாக்குமூலத்தையும் ஒரே தாளில் காட்டுறவங்களுக்கும் வித்தியாசம் இருக்கு. கோயிலைக் காப்பாற்ற முடியாம போனாலும், அங்க ஒரு கோயில் இருந்துச்சு, அதைச் சுத்தி ஒரு சனம் வாழ்ந்துச்சுன்னு நம்ம பேரப்பிள்ளைகளுக்குச் சொல்ல முடியும்.

தோட்டத்தில் பிறந்து வளர்ந்த பெரியவங்க வீட்டில் இருந்தா, இந்த வாரக் கடைசியிலேயே காரில் கூட்டிக்கிட்டுப் போய் இடத்தைக் காட்டச் சொல்லுங்க. அவங்க கால் நின்ன இடத்தைக் குறிச்சு ஆலயக் குழுவிடம் கொடுங்க.

அம்பாள் அருள் எல்லாருக்கும் கிடைக்கட்டும்.