லூசில் பால்

லூசில் பால் (1911–1989) அமெரிக்கத் திரைப்பட, தொலைக்காட்சி நடிகை, தயாரிப்பாளர், ஸ்டுடியோ முதலாளி. சி.பி.எஸ். ஒளிபரப்பிய ‘ஐ லவ் லூசி’ (1951–57) நகைச்சுவைத் தொடரால் உலகப் புகழ் பெற்றார். தொடர் தொடங்கியபோது அவருக்கு வயது 40. ஹாலிவுட்டுக்கு வந்து 18 ஆண்டுகள் ஓடியிருந்தன.

நியூயார்க் மாநிலத்தின் ஜேம்ஸ்டவுனில் 1911 ஆகஸ்ட் 6 அன்று பிறந்தார். தொலைபேசிக் கம்பி ஊழியரான தந்தை டைபாய்டு கண்டு இறந்தபோது குழந்தைக்கு நான்கு வயது நிறையவில்லை. தாய்வழித் தாத்தா பிரெட் ஹன்ட்டின் அரவணைப்பில் வளர்ந்தார். பதின்ம வயதில் நியூயார்க் நகரின் நாடகப் பள்ளி ஒன்றில் சேர்ந்தார். பின்னாளில் பெரிய நடிகையான பெட்டி டேவிஸ் அப்போது அங்கே மாணவி. டேவிஸைக் கொண்டாடிய ஆசிரியர்கள், கூச்சத்தால் வாய் திறக்காத லூசிலுக்கு நடிப்பு வராது என்று வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஹாட்டி கார்னெகியின் ஆடையகத்தில் மாடலாக நின்று பிழைத்தவர், 1933இல் ‘ரோமன் ஸ்காண்டல்ஸ்’ படத்தின் நடனப் பெண்களில் ஒருவராக ஹாலிவுட் போனார்.

அடுத்த பதினைந்து ஆண்டுகளும் நட்சத்திரமாகும் விளிம்பிலேயே கழிந்தன. ஆர்.கே.ஓ. நிறுவனத்தில் ‘ஸ்டேஜ் டோர்’ (1937), ‘டான்ஸ், கேர்ள், டான்ஸ்’ (1940) போன்ற படங்களில் கவனிக்கப்பட்டார். ‘தி பிக் ஸ்ட்ரீட்’ (1942) படத்தில் ஹென்றி ஃபோண்டாவுடன் அவர் ஏற்ற இரக்கமற்ற பாடகி வேடம், சோக நடிப்பும் அவருக்குக் கைவரும் என்று காட்டியது. அடுத்து அவர் சேர்ந்த எம்.ஜி.எம். நிறுவனம் அவரது தலைமுடிக்குச் செந்நிறம் பூசியது. அவரிடம் இருந்த சிரிப்பு நடிகையை மட்டும் கண்டுகொள்ளவில்லை. அங்கே மவுசு இழந்து கிடந்த ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன்தான் பொருள்களைக் கையாண்டு சிரிக்கவைக்கும் வித்தையை அவருக்குச் சொல்லிக்கொடுத்தார்.

‘டூ மெனி கேர்ள்ஸ்’ படப்பிடிப்பில் அறிமுகமான கியூபா இசைக்கலைஞர் டெசி அர்னாஸை 1940 நவம்பரில் மணந்தார். 1948இல் சி.பி.எஸ். வானொலியில் வந்த ‘மை ஃபேவரிட் ஹஸ்பண்ட்’ நகைச்சுவைத் தொடர் வெற்றி பெறவே, அதைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவர நிறுவனம் விரும்பியது. கணவராக அர்னாஸ்தான் நடிக்க வேண்டும் என்றார் லூசில். கியூபாக்காரரை அமெரிக்கப் பெண்ணின் கணவராக மக்கள் ஏற்கமாட்டார்கள் என்று நிறுவனம் தயங்கியது. தம்பதி 1950இல் ஊர் ஊராக மேடை நிகழ்ச்சி நடத்தி, மக்களுக்கு ஆட்சேபம் இல்லை என்று நிரூபித்தனர்.

இன்னொரு சிக்கல் இடம் பற்றியது. அன்று பெரும்பாலான நிகழ்ச்சிகள் நியூயார்க்கிலிருந்து நேரடியாக ஒளிபரப்பாயின. நாட்டின் மறுமுனைக்கு, திரையிலிருந்து படம் பிடித்த மங்கலான பிரதிதான் போகும். லாஸ் ஏஞ்சல்ஸை விட்டு நகர மறுத்த தம்பதி, தொடரை 35 மி.மீ. பிலிமிலேயே எடுப்பதாகச் சொன்னார்கள். செலவு கூடும் என்று முணுமுணுத்தவர்களிடம் தங்கள் சம்பளத்தைக் குறைத்துக்கொண்டு, பிலிம்களின் உரிமையைக் கேட்டு வாங்கினார்கள். ஒருமுறை ஒளிபரப்பான நிகழ்ச்சிக்கு மறுபடியும் விலை உண்டு என்று அன்று யாரும் நினைக்கவில்லை. அமெரிக்கத் தொலைக்காட்சி வரலாற்றில் இவ்வளவு மலிவாகக் கைமாறிய சொத்து வேறு இருக்குமா என்பது சந்தேகமே.

‘மெட்ரோபோலிஸ்’ படத்தின் ஒளிப்பதிவாளர் கார்ல் ஃபிராய்ண்ட், மூன்று கேமராக்கள் ஒரே நேரத்தில் ஓடத் தோதான விளக்கமைப்பைச் செய்தார். எதிரே பார்வையாளர்கள் உட்கார்ந்து சிரித்தனர். 1951 அக்டோபர் 15 அன்று தொடங்கிய தொடர் 180 பகுதிகள் வந்தது. சாக்லேட் தொழிற்சாலையில் நகரும் பட்டையின் வேகத்துக்கு ஈடுகொடுக்க முடியாமல் மிட்டாய்களை வாயிலும் சட்டைக்குள்ளும் திணிக்கும் காட்சி (1952) இன்றும் சிரிக்கவைக்கிறது. தற்செயல்போலத் தெரியும் அந்தக் கலாட்டா முழுவதும் ஒத்திகை பார்த்தது.

அவர் கருவுற்றபோது கதையிலும் லூசியைக் கர்ப்பிணியாக்கினார்கள். ‘கர்ப்பம்’ என்ற சொல்லை மட்டும் நிறுவனம் அனுமதிக்கவில்லை. 1953 ஜனவரி 19 இரவு லூசிக்குக் குழந்தை பிறந்ததைச் சுமார் 4.4 கோடிப் பேர் பார்த்தனர். நிஜத்திலும் மகன் அன்றுதான் பிறந்தான். மறுநாள் நடந்த அதிபர் ஐசனோவரின் பதவியேற்பைப் பார்த்தவர்கள் அதைவிடக் குறைவு.

அதே ஆண்டு செப்டம்பரில், 1936இல் அவர் கம்யூனிஸ்ட் வாக்காளராகப் பதிவு செய்தது வெளியானது. சோஷலிசப் பற்றுள்ள தாத்தாவின் மனம் கோணாதிருக்கச் செய்ததாக நாடாளுமன்றக் குழுவிடம் விளக்கியிருந்தார். பலரது பிழைப்பைக் கெடுத்த அந்தக் கம்யூனிஸ்ட் வேட்டையில் அவர் தப்பியதற்கு, விளக்கத்தோடு அவரது செல்வாக்கும் காரணம் என்றே கொள்ள வேண்டும்.

தம்பதியின் டெசிலு நிறுவனம், ஒரு காலத்தில் இருவருக்கும் சம்பளம் கொடுத்த ஆர்.கே.ஓ.வின் ஸ்டுடியோக்களையே விலைக்கு வாங்கியது. 1960இல் மணமுறிவு. 1962இல் அர்னாஸின் பங்குகளை வாங்கி லூசில் நிறுவனத் தலைவரானார்; பெரிய தொலைக்காட்சி ஸ்டுடியோவை நடத்திய முதல் பெண் அவரே. செலவுக்கு அஞ்சிய சகாக்களின் எதிர்ப்பை மீறி ‘ஸ்டார் டிரெக்’ தொடருக்கு அவர் துணைநின்றார். 1967இல் சுமார் 1.7 கோடி டாலருக்கு நிறுவனத்தை விற்றார்.

‘தி லூசி ஷோ’ (1962–68), ‘ஹியர்ஸ் லூசி’ (1968–74) இரண்டும் நன்றாக ஓடின. பழைய கூர்மை குறைந்திருந்தது. இசைப் படமான ‘மேம்’ (1974) தோற்றது. ‘ஸ்டோன் பில்லோ’ (1985) தொலைக்காட்சிப் படத்தில் வீடற்ற கிழவியாக நடித்தார். 75 வயதில் பழைய கோமாளித்தனத்தோடு திரும்பிய ‘லைஃப் வித் லூசி’ (1986), எட்டுப் பகுதிகளோடு நிறுத்தப்பட்டது. அந்த ஆண்டே கென்னடி மைய விருதும் கிடைத்தது. 1989 ஏப்ரல் 26 அன்று லாஸ் ஏஞ்சல்ஸில் இறந்தார். நான்கு எம்மி விருதுகள் பெற்ற அவருக்கு, மறைவுக்குப் பின் அதே ஆண்டில் அதிபரின் சுதந்திரப் பதக்கம் வழங்கப்பட்டது.