கேட்காமல் கொடுத்த தீர்ப்பு: ஒன்லைன் கேம் தடைகளின் கதை

கொஞ்சம் நீண்ட பதிவு. ஒன்லைன் கேம் விளையாடும் பிள்ளை வீட்டில் இருந்தால் கடைசி வரை வாசியுங்கள்.

போன தவணையில் தரம் 10 மாணவன் ஒருவன் மூன்று நாளாகப் பாடத்தைக் கவனிக்கவே இல்லை. வீட்டில் ஏதும் பிரச்சினையோ என்று நினைத்து இடைவேளையில் கூப்பிட்டுக் கேட்டேன்.

"என்ட எக்கவுண்ட் போயிட்டு சேர்" என்றான்.

வங்கிக் கணக்கு என்று நினைத்து ஒரு கணம் பதறிவிட்டேன். கேம் எக்கவுண்டாம். மூன்று வருடமாக விளையாடி ஏறிய நிலைகள், பெருநாள் காசில் வாங்கிய உடுப்புகள், கூட விளையாடும் கூட்டாளிமார் எல்லாம் அதற்குள்தானாம். திரையில் ஆங்கிலத்தில் இரண்டே வரி. விதிகளை மீறியதால் கணக்கு நிரந்தரமாகத் தடை செய்யப்பட்டுள்ளது. எந்த விதி, எந்த நாள், அவன் செய்தது என்ன என்று ஒரு சொல்லும் இல்லை.

"நான் ஒண்டும் செய்யல்ல சேர்."

எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. "நல்லதாப் போச்சு, இனியாவது படி" என்று சொல்லி அனுப்பிவிட்டேன். ஆனால் அன்று இரவு அந்தச் சொல் என்னைத் தூங்க விடவில்லை. ஏன் என்பதைக் கடைசியில் சொல்கிறேன். வரலாறு படிப்பிக்கிறவன் என்பதால், இந்தத் தடை எங்கிருந்து வந்தது என்று தேடத் தொடங்கினேன். தேடியதை எழுதுகிறேன்.

*1. மந்திரவாதியின் விரல்*

1978இல் இங்கிலாந்தின் எசெக்ஸ் பல்கலைக்கழகத்தில் றோய் ட்ரப்ஷோ என்ற மாணவர் 'மட்' என்றொரு விளையாட்டை எழுதத் தொடங்கினார். ரிச்சர்ட் பார்ட்ல் அதை வளர்த்தெடுத்தார். படமும் இல்லை, சத்தமும் இல்லை, வெறும் எழுத்துத்தான். 'வடக்கே போ' என்று தட்டினால் அங்கே என்ன இருக்கிறது என்று எழுத்தில் பதில் வரும். ஆனால் ஒரே உலகத்துக்குள் பலர் ஒரே நேரத்தில் நடமாடலாம். இன்று நம் பிள்ளைகள் விளையாடும் கேம்களுக்கெல்லாம் மூதாதை இதுதான்.

அதில் புள்ளிகள் சேர்த்து உச்சிக்குப் போனவர் 'விசார்ட்', அதாவது மந்திரவாதி ஆவார். அவர் கையில் 'மரண விரல்' என்றொரு கட்டளை இருந்தது. ஒருவரை நோக்கி அதை ஏவினால் அவர் வளர்த்த பாத்திரம் அழிந்துபோகும். முறைப்பாடும் இல்லை, விசாரணையும் இல்லை. என்றாலும் அது சிறிய உலகம். தண்டித்தவர் யார் என்று எல்லோருக்கும் தெரியும். அவரிடம் போய் ஏன் என்று கேட்கலாம், சண்டை பிடிக்கலாம், மன்னிப்பும் கேட்கலாம்.

*2. ஊர் கூடிப் பேசிய ஒரு வழக்கு*

1990இல் கலிபோர்னியாவில் ஸெரொக்ஸ் நிறுவனத்தின் ஆய்வு மையத்தில் பாவெல் கேர்டிஸ் 'லெம்டாமூ' என்ற எழுத்து உலகத்தைத் தொடங்கினார். அதிலும் மந்திரவாதிகள் இருந்தார்கள். ஓயாத சச்சரவுகளைத் தீர்த்துக் களைத்துப்போய், 1992 டிசெம்பரில் ஓர் அறிவித்தல் விட்டார்கள். இனி நாங்கள் தொழில்நுட்ப வேலை மட்டும்தான் பார்ப்போம், உங்கள் பிரச்சினைகளை நீங்களே தீர்த்துக்கொள்ளுங்கள் என்பதுதான் அது.

சில மாதங்களில், 1993 மார்ச்சில், சோதனை வந்தது. 'மிஸ்டர் பங்கிள்' என்ற பெயரில் இருந்த ஒருவர், மற்றவர்களின் பாத்திரங்கள் தாமாகவே செய்வது போல அசிங்கமான, கொடூரமான வரிகளை எல்லோர் முன்னாலும் ஓடவிட்டார். வெறும் எழுத்துத்தானே என்று நாம் நினைக்கலாம். பாதிக்கப்பட்ட ஒரு பெண் அழுதபடியேதான் தன் முறைப்பாட்டைத் தட்டச்சு செய்தார். அவர் கேட்டது, பங்கிளைத் 'தேரையாக்க' வேண்டும் என்று. கதைகளில் மந்திரவாதி மனிதனைத் தேரையாக மாற்றுவானே, அந்தப் பெயர்தான். அங்கே அதன் அர்த்தம் கணக்கையே அழித்துவிடுவது.

கூட்டம் கூடியது. மணிக்கணக்காகப் பேசினார்கள். சட்டம் இல்லாத இடத்தில் எந்தச் சட்டத்தின்படி தண்டிப்பது என்று ஒருவர் கேட்டார். ஒருவருக்கு மரண தண்டனை கொடுப்பது போலல்லவா இது என்று இன்னொருவர். பங்கிளும் அந்தக் கூட்டத்துக்கு வந்தார். கேட்ட கேள்விகளுக்கு ஏதோ பதிலும் சொன்னார். கடைசியில் ஒரு முடிவுக்கும் வராமல் எல்லோரும் கலைந்தார்கள். அதன்பின் ஒரு மந்திரவாதி தனியாக யோசித்து, தன் பொறுப்பில் அந்தக் கணக்கை அழித்துவிட்டார்.

பயணம் போயிருந்த கேர்டிஸ் திரும்பி வந்ததும், மனுக் கொடுத்து வாக்கெடுப்பு நடத்தும் முறையொன்றைக் கொண்டுவந்தார். ஜூலியன் டிபெல் என்ற எழுத்தாளர் இந்த வழக்கை அதே வருட டிசெம்பரில் 'வில்லேஜ் வொய்ஸ்' பத்திரிகையில் எழுதினார். அவர் பின்னால் எழுதிய ஒரு விடயம்தான் என்னை நிறுத்தியது. பங்கிள் ஒரு தனி மனிதன் இல்லை. நியூயோர்க்கில் ஒரு பல்கலைக்கழக விடுதியின் மாணவர்கள் பலர் அந்த ஒரே கணக்கைச் சூழ்ந்து நின்றிருக்கிறார்கள்.

கணக்கு ஒன்று, கைகள் பல. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

*3. நீதிபதி கொம்பனியாக மாறியபோது*

1997இல் 'அல்டிமா ஒன்லைன்' வந்தது. காசு கட்டி ஆயிரக்கணக்கானோர் விளையாடும் உலகம். வெளியிட முன், ஓகஸ்ட் மாதச் சோதனை ஓட்டத்தில், அதை உருவாக்கிய ரிச்சர்ட் கேரியட் 'லோர்ட் பிரிட்டிஷ்' என்ற அரசராக உள்ளே வந்தார். 'ரெயின்ஸ்' என்ற ஆட்டக்காரர் ஒரு நெருப்பு மந்திரத்தை ஏவ, அரசர் அந்த இடத்திலேயே செத்துப்போனார். பிறகு ரெயின்ஸ் சோதனையிலிருந்து நீக்கப்பட்டார். கொலைக்காக அல்ல, முன்னர் மென்பொருளில் இருந்த குறைகளை அறிவிக்காமல் அவற்றைத் தனக்குப் பயன்படுத்தியதற்காக என்றுதான் காரணம் சொல்லப்பட்டது. அது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் செத்தவரும் நீதிபதியும் ஒரே தரப்பு என்றால் அந்தத் தீர்ப்பை யார் நம்புவார்?

அதன்பின் ஆட்டக்காரர் தொகை ஆயிரத்திலிருந்து இலட்சத்துக்கும் கோடிக்கும் ஏறியது. 2004இல் வந்த 'வேர்ல்ட் ஒஃப் வோர்கிராஃப்ட்' ஒரு கட்டத்தில் 1 கோடி 20 இலட்சம் சந்தாதாரர்களைக் கொண்டிருந்தது. இத்தனை பேரை மனிதர்கள் உட்கார்ந்து விசாரிக்க முடியாது. அதனால் அந்தப் பொறுப்பு இயந்திரத்துக்குப் போனது. அந்த விளையாட்டில் 'வோர்டன்' என்ற நிரல் ஆட்டக்காரரின் கணினியில் வேறு என்ன ஓடுகிறது என்று பார்த்தது. 'கவுண்டர் ஸ்ட்ரைக்' விளையாட்டுக்கு 2002இல் 'வெக்' என்ற காவல் நிரல் வந்தது.

'வெக்' பிடித்தவுடன் தண்டிப்பதில்லை. பரீட்சை மண்டபத்தில் கொப்பியடிப்பவனை அந்த நிமிடமே எழுப்பினால், துண்டு எழுதிக் கொடுத்தவன் அடுத்த முறை தந்திரத்தை மாற்றிவிடுவான். பேசாமல் குறித்துக்கொண்டு ஒரே நாளில் எல்லோரையும் பிடித்தால், எதில் மாட்டினோம் என்று அவனுக்குத் தெரியாது. அதனால்தான் தடைகள் பல நாள் கழித்து, கூட்டமாக வருகின்றன. காரணமும் இதற்காகத்தான் மறைக்கப்படுகிறது. இது நியாயமான தந்திரம்தான். ஆனால் குற்றம் செய்யாதவனுக்கும் அதே இரண்டு வரிதான் போய்ச் சேர்கிறது.

அப்படியும் நடந்திருக்கிறது. 2006 நவம்பரில், லினக்ஸ் கணினியில் 'வேர்ல்ட் ஒஃப் வோர்கிராஃப்ட்' விளையாடியவர்கள் சிலரை இயந்திரம் ஏமாற்றுக்காரர் என்று தடை செய்தது. பின்னர் தவறு என்று கண்டு கணக்குகளைத் திருப்பிக் கொடுத்தார்கள். 2010 ஜூலையில் இதைவிடப் பெரிது. 'மொடர்ன் வோர்ஃபெயார் 2' விளையாடிய சுமார் 12,000 பேரை 'வெக்' பிழையாகத் தடை செய்தது. நிறுவனமே ஒரு கோப்பைப் புதுப்பித்தபோது, தட்டில் இருந்த பிரதியும் நினைவகத்தில் ஓடிய பிரதியும் பொருந்தவில்லை. இயந்திரம் அதைக் கள்ளம் என்று எடுத்துக்கொண்டது. நிறுவனத்தின் தலைவர் கேப் நியூவெல் பிழை தங்களுடையது என்று ஒப்புக்கொண்டு, மன்னிப்புக் கேட்டு, அவர்களுக்கு இன்னொரு விளையாட்டை இலவசமாகக் கொடுத்தார்.

அந்த 12,000 பேரில் எத்தனை பிள்ளைகள் "நான் ஒன்றும் செய்யவில்லை" என்று சொல்லியிருப்பார்கள்? எத்தனை பேர் அதை நம்பியிருப்பார்கள்?

*4. கொம்பனியின் பக்கமும் நியாயம் உண்டு*

தடையே வேண்டாம் என்று நான் சொல்ல வரவில்லை. சுவருக்கு அப்பால் இருப்பவனைக் காட்டும் நிரல், குறி தவறாமல் சுடும் நிரல் எல்லாம் விற்பனைக்கு உண்டு. 2021இல் சீனப் பொலிஸார் ஒரே ஒரு கும்பலைச் சேர்ந்த 10 பேரைப் பிடித்தார்கள். இப்படியான நிரல்களை விற்று அவர்கள் உழைத்தது சுமார் 7 கோடி 60 இலட்சம் டொலர். அவர்களைத் தடுக்காவிட்டால் நேர்மையாக விளையாடும் பிள்ளைக்கு ஆட்டமே இல்லை.

கேள்வி தண்டனை பற்றியதல்ல, கேட்பது பற்றியது. அதற்கும் முயற்சிகள் நடந்தன. அமெரிக்காவில் 'செகண்ட் லைஃப்' உலகத்தில் காணி வாங்கிய மார்க் பிரெக் என்ற சட்டத்தரணியின் கணக்கை, முறைகேடாக வாங்கினார் என்று நிறுவனம் முடக்கியது. அவர் வழக்குப் போட்டார். பிணக்குகளை நாங்கள் சொல்லும் முறையில்தான் தீர்க்க வேண்டும் என்று நிறுவனம் தன் நிபந்தனைகளில் எழுதியிருந்தது. அது ஒருதலைப்பட்சமானது, செல்லாது என்று 2007 மே மாதம் பென்சில்வேனியாவில் நீதிமன்றம் சொன்னது. பின்னர் இரு தரப்பும் சமாதானமாகி, அவருடைய கணக்குத் திரும்பக் கிடைத்தது. நாம் வாசிக்காமல் 'சம்மதம்' என்று அழுத்தும் அந்த நீண்ட பக்கம் அல்லாஹ்வின் வேதம் இல்லை, மனிதன் எழுதியதுதான் என்று ஒரு நீதிபதி சொன்ன நாள் அது.

'லீக் ஒஃப் லெஜன்ட்ஸ்' 2011இல் ஆட்டக்காரர்களையே நடுவராக்கியது. குற்றம் சாட்டப்பட்டவர் எழுதிய வார்த்தைகளைப் பார்த்து, தண்டிப்பதா மன்னிப்பதா என்று அவர்கள் வாக்களித்தார்கள். 2014இல் அது நிறுத்தப்பட்டது. ஐரோப்பிய ஒன்றியத்தின் டிஜிட்டல் சேவைகள் சட்டம் 2024 பெப்ரவரியில் முழுமையாக நடைமுறைக்கு வந்தது. கேம்களுக்கென்று எழுதிய சட்டமல்ல. ஆனால் ஒன்லைன் தளங்கள் கணக்கை முடக்கினால் காரணம் சொல்ல வேண்டும், முறைப்பாட்டை இயந்திரம் மட்டும் பார்த்து முடிக்கக் கூடாது என்று அது கேட்கிறது. 1993இல் அந்தக் கூட்டத்தில் பங்கிளுக்குக் கிடைத்த இடத்தை, இன்று சட்டம் போட்டுத்தான் திரும்ப வாங்க வேண்டியிருக்கிறது.

*5. பெற்றோருக்குச் சில விடயங்கள்*

தடை ஒரே மாதிரி இல்லை. சில நாட்களுக்கு மட்டும் என்றால் அது இடைநிறுத்தம். பொறுத்திருந்தால் முடிந்துவிடும். பேசுவதற்கு மட்டும் வரும் தடை, பெரும்பாலும் கெட்ட வார்த்தைக்காக வருவது. நிரந்தரத் தடை கணக்கையே மூடிவிடும். சாதனத் தடை போனையே அடையாளம் வைத்துவிடும். பழைய போன் வாங்கிக் கொடுக்கும் வாப்பாமார் இதைக் கவனியுங்கள். முன்பு வைத்திருந்தவன் செய்த வேலைக்கு உங்கள் பிள்ளை மாட்டலாம்.

கடவுச்சொல்லை யாருக்கும், கூட்டாளிக்கும், கொடுக்கக் கூடாது. மலிவாகக் காசு ஏற்றித் தருகிறேன் என்று வருபவர்களை நம்பக் கூடாது. காசு கட்டியதற்கான பற்றுச்சீட்டை வைத்திருங்கள். தடை வந்தால் உடனே புதுக் கணக்குத் திறந்து ஏய்க்கப் பார்க்காமல், முறையான இடத்தில் நடந்ததை உள்ளபடி ஒரு தரம் தெளிவாக எழுதுங்கள்.

*6. அந்தப் பிள்ளை*

மறுநாள் அவனைத் திரும்பக் கூப்பிட்டேன். நேற்றுச் சிரித்ததற்கு மன்னிப்புக் கேட்டேன். நம்ப முடியாமல் என்னைப் பார்த்தான். பிறகு ஆறுதலாகக் கேட்டபோது மெதுவாக வந்தது. குறைந்த விலையில் காசு ஏற்றித் தருகிறேன் என்ற ஒரு நானாவிடம் இரண்டு நாள் கடவுச்சொல்லைக் கொடுத்திருக்கிறான். அந்த இரண்டு நாளில் அந்தக் கணக்கில் என்ன நடந்தது என்று அவனுக்கும் தெரியாது. கணக்கு ஒன்று, கைகள் பல. இருவரும் சேர்ந்து ஆங்கிலத்தில் மேன்முறையீடு எழுதினோம். சில நிமிடங்களில் பதில் வந்தது. முதல் வந்த அதே இரண்டு வரிதான்.

அவனுக்குக் கணக்குத் திரும்பவில்லை. ஆனால் என் பிழை எது, பிழை இல்லாதது எது என்று இப்போது அவனுக்குத் தெரியும். பாடத்துக்கும் திரும்பிவிட்டான்.

இனி, அன்று இரவு நான் தூங்காத காரணம். பல வருடங்களுக்கு முன் வகுப்பு யன்னல் கண்ணாடி ஒன்று உடைந்தது. பக்கத்தில் நின்றவனை வெளியே நிற்க வைத்தேன். "நான் ஒண்டும் செய்யல்ல சேர்" என்றான். நான் கேட்கவில்லை. இரண்டு கிழமை கழித்து, உடைத்தது நான்தான் என்று வேறொருவன் வந்து சொன்னான். முதலாமவனிடம் நான் ஒன்றும் சொல்லவில்லை. அந்த வருடம் முழுக்க அவன் என் பாடத்தில் ஒரு தரமும் கை உயர்த்தவில்லை. இப்போது கட்டாரில் வேலை. விடுமுறைக்கு வந்தால் வழியில் கண்டு சலாம் சொல்வான். அந்தக் கண்ணாடியைப் பற்றி நாங்கள் இன்றுவரை பேசியதில்லை.

கோடிப் பேரைக் கையாளும் இயந்திரத்துக்குக் கேட்க நேரமில்லை என்று ஒரு சாட்டு இருக்கிறது. வகுப்பில் நாற்பது பேரை வைத்திருக்கும் எனக்கு, வீட்டில் மூன்று பேரை வைத்திருக்கும் உங்களுக்கு, என்ன சாட்டு?

அடுத்த முறை பெருநாளைக்கு அவன் ஊருக்கு வரும்போது பேசிவிட வேண்டும், இன்ஷா அல்லாஹ்.