கொடுமுடியிலிருந்து வந்த குரல்



ஜொகூர் மாநிலத்தில் குளுவாங், சிகாமட், கூலாய் பக்கத்துத் தோட்டங்களில் வளர்ந்த மூத்தவர்களுக்குத் திருவிழா என்றதும் முதலில் நினைவுக்கு வருவது கோயில் ஒலிபெருக்கிதான். பெரட்டுக்கு ஆள் கூடும் முன்பே, இருட்டோடு இருட்டாக, ஒரு பெண் குரல் முருகனைக் கூப்பிடும். கடைசி லயத்தில் அடுப்பு மூட்டுகிறவர்களுக்கும் சொல் சொல்லாக விளங்கும். அந்தக் குரலுக்கு உரியவர் கே. பி. சுந்தராம்பாள். நாடக மேடையிலும் திரையிலும் ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் நின்ற அந்த அம்மையாரின் வரலாற்றை இன்று நாம் பார்ப்போம்.

கே. பி. என்ற எழுத்துகளில் ‘கே’ கொடுமுடி, ‘பி’ பாலாம்பாள். கொடுமுடி அவர் பிறந்த ஊர். ஈரோட்டுக்கும் கரூருக்கும் இடையே காவிரிக் கரையில் இருப்பது. பாலாம்பாள் அவரைப் பெற்ற தாய். தந்தையின் பெயர் நிற்க வேண்டிய இடத்தில் தாயின் பெயர் நின்றது. நம் முன்னோர் பலர் சேலம், திருச்சி ஜில்லாக்களிலிருந்து நாகப்பட்டினம் சென்று கப்பல் ஏறி மலாயா வந்தவர்கள். அந்தச் சீமைக்கு அண்டை ஊர்க்காரர்தான் இவரும்.

1908-ஆம் ஆண்டு பிறந்த சுந்தராம்பாள் வறுமையில் வளர்ந்தார். சிறுமியாக இரயில் வண்டியில் பாடிக் காசு பெற்றபோது, எப். ஜி. நடேச ஐயர் என்ற இரயில்வே அதிகாரி கேட்டு வியந்து, வேலு நாயர் நாடகக் கம்பெனியில் சேர்த்துவிட்டார் என்று சொல்வார்கள். நல்லதங்காள் நாடகத்தில் பசியால் அழும் பிள்ளையாக வந்து, பார்த்தவர்களையும் அவர் அழ வைத்தாராம். பசியை அவருக்கு யாரும் கற்றுக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை.

அக்காலத்து நாடகம் எப்படிப்பட்டது என்பதை இளைய நேயர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். இரவு தொடங்கினால் விடியும் வரை நடக்கும். ஒலிவாங்கி கிடையாது. கடைசி வரிசையில் தரையில் உட்கார்ந்திருப்பவனுக்கும் பாட்டுக் கேட்க வேண்டும். கேட்காவிட்டால் கூச்சல் எழும். பல கம்பெனிகளில் பையன்களே பெண் வேடம் கட்டினார்கள். மேடை ஏறிய பெண்ணை ஊர் மரியாதையாகப் பேசாது. பாட்டைக் கேட்கக் கூட்டம் முண்டும். பாடியவளின் வீட்டில் தண்ணீர் குடிக்கத் தயங்கும். இந்த இரண்டு நடத்தையும் ஒரே ஊரில், ஒரே மனிதரிடம் இருந்தன.

சுந்தராம்பாள் இலங்கைக்கும் சென்று நடித்தார். 1926-இல் கொழும்பில் செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவுடன் வள்ளி திருமணம் நாடகத்தில் சேர்ந்து மேடையேறினார். கிட்டப்பா அப்போதே பேர்பெற்ற பாடகர். உச்சத்தில் நின்று அவர் பாடும் பாட்டுக்கு எதிர்ப்பாட்டுப் பாட ஆள் இல்லை என்றிருந்த காலம். தினைப்புனத்தில் வேலனும் வள்ளியும் வாதாடும் கட்டத்துக்காகவே சனங்கள் விடிய விடியக் காத்திருப்பார்கள். அந்த வாதத்தில் வள்ளி தோற்கவில்லை என்பதைக் கொழும்பு கண்டது.

அடுத்த ஆண்டு இருவரும் மணந்துகொண்டார்கள். கிட்டப்பாவுக்கு முன்பே ஒரு மனைவி உண்டு, சாதியும் வேறு. சேர்ந்து நடித்த நாடகங்கள் ஊர் ஊராகக் கொடிகட்டிப் பறந்தன. ஆனால் பிறந்த குழந்தை நிலைக்கவில்லை. கணவர் விலகி விலகிப் போனார். சுந்தராம்பாள் அவருக்கு எழுதிய கடிதங்கள் சில பின்னாளில் அச்சில் வந்திருக்கின்றன. ஆயிரம் பேரை ஒரு பாட்டால் அடக்கிய பெண், ஒருவருடைய பதிலுக்காக ஏங்கியதை அவற்றில் காண்கிறோம். 1933 டிசம்பரில் கிட்டப்பா காலமானார். அவருக்கு வயது 27. சுந்தராம்பாளுக்கு 25.

வெள்ளைச் சேலை, நெற்றி நிறைய விபூதி, கழுத்தில் உருத்திராட்சம். அன்று பூண்ட கோலத்தை அவர் கடைசி வரை மாற்றவில்லை. இனி எந்த ஆணுக்கும் சோடியாக நடிப்பதில்லை என்றும் உறுதி கொண்டார். இது கணவன்மேல் கொண்ட பக்தி என்று மட்டும் சொல்லிவிட்டுப் போவது வழக்கம். நாம் இன்னொன்றையும் கவனிக்கிறோம். அந்நாளில் கணவனை இழந்த பெண்ணுக்கு ஊர் விதித்த இடம் வீட்டின் மூலை. இவரோ அதே வெள்ளைச் சேலையோடு வெளியே வந்து, தம் தொழிலை எந்த நிபந்தனையில் செய்வது என்பதைத் தாமே விதித்தார்.

அந்த நிபந்தனைக்குச் சினிமா இறங்கி வந்தது. 1935-இல் நந்தனார் படத்தில் நடிக்கும்படி அசன்தாஸ் என்ற படத் தயாரிப்பாளர் கேட்டார். விருப்பம் இல்லாததால், கேட்டால் ஓடிவிடுவார் என்று எண்ணி ஒரு லட்சம் ரூபாய் கேட்டாராம் சுந்தராம்பாள். தயாரிப்பாளர் ஒப்புக்கொண்டுவிட்டார்! தமிழ்ப்பட உலகம் அதுவரை கேள்விப்படாத தொகை அது. மலாயாத் தோட்டங்களில் ஆணுக்கு நாட்கூலி 50 காசுக்கும் கீழே இருந்த காலம். பெண்ணுக்கு அதனினும் குறைவு.

படத்தில் அவர் ஏற்றது ஆண் வேடம், நந்தனாராகவே. கோபாலகிருஷ்ண பாரதியார் பாடிய கதையில் நந்தன் ஒரு பண்ணையாள். சிதம்பரம் போய்வர வேதியரிடம் உத்தரவு கேட்கிறான். நாற்பது வேலி நிலத்தில் பயிர் விளைவித்துக் கொடுத்துவிட்டுப் போ என்கிறார் ஆண்டை. கோயிலுக்குப் போக லீவு கேட்டு ஆபீஸ் வாசலில் நின்றவர்கள் நம் குடும்பங்களிலும் உண்டு. ஆகவே இக்கதையை நமக்கு விளக்கத் தேவையில்லை. வேதியராக நடித்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். படம் என்ற அளவில் அது சிறந்ததல்ல. பத்திரிகைகள் கடுமையாகக் குறை கூறின. பாட்டுகளோ நிலைத்துவிட்டன.

காங்கிரஸ் மேடைகளில் சத்தியமூர்த்தியுடன் சென்று அவர் தேசியப் பாட்டுகள் பாடினார். பேச்சுக்குக் கூடாத கூட்டம் அவர் பாட்டுக்குக் கூடியது. 1951-இல் சென்னைச் சட்ட மேலவை உறுப்பினர் ஆனார். இந்தியத் திரைக் கலைஞர்களில் சட்டமன்றம் புகுந்த முதல்வர் அவரே என்பார்கள்.

1953-இல் ஜெமினி வாசன் எடுத்த ஔவையார் வந்தது. தமிழ்ப்பள்ளியில் ஆத்திசூடி படித்த பிள்ளைகளுக்கு அதன்பின் ஔவைக்கு வேறு முகமே இல்லாமல் போயிற்று. தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டும் இரவுகளில், கிழவிகள் திரையை நோக்கிக் கும்பிட்டதும் உண்டு. 1964-இல் பூம்புகார். அதற்குத் திரைக்கதை, வசனம் எழுதியவர் மு. கருணாநிதி. அவர் தி.மு.க.; இவர் காங்கிரஸ், அதிலும் பழுத்த பக்தை. ஆயினும் கண்ணகியையும் கோவலனையும் மதுரைக்கு அழைத்துச் செல்லும் கவுந்தி அடிகளாக, சமணத் துறவியாக, நடித்துக் கொடுத்தார். மறு ஆண்டு வந்த திருவிளையாடலில், பழத்துக்காகக் கோபித்து மலையேறிய முருகனைச் சமாதானம் செய்யும் ஔவையாக மீண்டும் வந்தார். அப்போது அவருக்கு வயது 56. குரல் சற்றும் தளரவில்லை.

1969-இல் வந்த துணைவன் படத்தில் பாடியதற்கு, சிறந்த பின்னணிப் பாடகி என்னும் தேசிய விருது கிடைத்தது. மறு ஆண்டு பத்மஸ்ரீ. 1973-இல் காரைக்கால் அம்மையார் படத்தில் நடித்தார். 1980-ஆம் ஆண்டு செப்டம்பரில் காலமானார். கிட்டப்பாவுடன் வாழ்ந்தது ஆறே ஆண்டுகள். அதுவும் முழுமையாக அல்ல. அதன்பின் அந்த வெள்ளைச் சேலையோடு 46 ஆண்டுகளுக்கு மேல் அவர் பாடினார்.