லேனாவின் படமும் ஜோனின் கணக்கும்

கணினியில் படங்களைச் சுருக்கும் துறையில் எல்லா ஆய்வாளருக்கும் தெரிந்த ஒரு பெண் உண்டு. அவர் விஞ்ஞானி இல்லை. ஸ்வீடனைச் சேர்ந்த லேனா என்ற மாடல். 1973இல் அமெரிக்காவின் தெற்குக் கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் அலெக்சாண்டர் சாச்சுக்கும் அவருடைய சகாக்களும் ஒரு கட்டுரைக்குச் சோதனைப் படம் தேடிக்கொண்டிருந்தார்கள். யாரோ ஒருவர் 1972 நவம்பர் ‘பிளேபாய்’ இதழுடன் உள்ளே வந்தார். நடுப்பக்க நிர்வாணப் படத்தின் மேற்பகுதியைக் கிழித்து ஸ்கேனரில் ஏற்றினார்கள். தொப்பி, இறகு, வெற்றுத் தோள், திரும்பிப் பார்க்கும் முகம். 512க்கு 512 புள்ளிகள் கொண்ட அந்தச் சதுரத்தில்தான் பல பத்தாண்டுகள் புதிய சுருக்க முறைகளைச் சோதித்துப் பார்த்தார்கள்.

இதே துறையில் இதே காலத்தில் உழைத்தவர் ஜோன் மிட்சல். உங்கள் கைப்பேசியில் இருக்கும் ஜேபெக் படங்களுக்குப் பின்னால் அவருடைய வேலையும் இருக்கிறது. அவர் முகத்தை எந்தப் பாடப்புத்தகத்திலும் நான் பார்த்ததில்லை.

1947இல் பிறந்த மிட்சல், ஸ்டான்ஃபோர்டில் இயற்பியல் படித்து 1969இல் பட்டம் பெற்றார். 1974இல் இல்லினாய் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம், அதுவும் இயற்பியலில்தான். உடனே நியூயார்க் மாநிலத்திலுள்ள ஐபிஎம் வாட்சன் ஆய்வு மையத்தில் சேர்ந்தார். தரவுச் சுருக்கம் அங்கே அவர் கைக்கு வந்த வேலை. வாழ்நாள் வேலையாகவும் அதுவே ஆனது.

அந்த வேலையின் அருமை இப்போது நமக்குப் புரிவது கடினம். அந்த லேனா படத்தையே எடுத்துக்கொள்வோம். சுருக்காமல் வைத்தால் 7,86,432 பைட். நொடிக்கு 9,600 பிட் செல்லும் தொலைபேசி இணைப்பில் அனுப்பினால் ஏறத்தாழ 11 நிமிடம் ஆகும், ஒரே ஒரு படத்துக்கு! பத்தில் ஒரு பங்காகச் சுருக்கினால் ஒரு நிமிடம் போதும். ஜேபெக் இதை எப்படிச் செய்கிறது? படத்தை 8க்கு 8 புள்ளிகள் கொண்ட சிறு கட்டங்களாகப் பிரிக்கிறது. ஒவ்வொரு கட்டத்திலும் மெதுவாக மாறும் நிறத்தையும் பொடிப்பொடியான மாற்றங்களையும் கணக்கிட்டுத் தனித்தனியாக்குகிறது. கண் சரியாகக் கவனிக்காத பொடி மாற்றங்களைத் தோராயமாக்குகிறது, பலவற்றை விட்டேவிடுகிறது. மிஞ்சும் எண்களை மிகக் குறைந்த பிட்டுகளில் எழுதுவது கடைசிப் படி.

மிட்சலின் தனித்திறமை அந்தக் கடைசிப் படியில் இருந்தது. வில்லியம் பென்னிபேக்கர் முதலிய ஐபிஎம் சகாக்களுடன் சேர்ந்து ‘க்யூ-கோடர்’ என்ற முறையை உருவாக்கி 1988இல் வெளியிட்டார். அதன் வழித்தோன்றல் ஜேபெக் தரநிலையில் ஒரு விருப்பத் தெரிவாக இடம்பெற்றது. வழக்கமான ஹஃப்மன் முறையைவிடக் கோப்பு இன்னும் சிறியதாகும். ஆனால் ஐபிஎம் உட்படச் சில நிறுவனங்களின் காப்புரிமை அதன்மீது இருந்ததால் மென்பொருள் எழுதியவர்கள் ஒதுங்கிப்போனார்கள். நுட்பமான வேலை தன் நிறுவனத்தின் காப்புரிமையாலேயே கிட்டத்தட்ட முடங்கியது. சாதனைப் பட்டியல்கள் இதைச் சொல்வதில்லை. எனக்கு இதுதான் அவர் வாழ்க்கையில் முக்கியமான பக்கம்.

அவரை ‘ஜேபெக்கின் தாய்’ என்று எழுத ஆசை வரும். வேண்டாம் என்பேன். ஜேபெக் ஒரு குழுவின் பெயர். பல நாட்டு நிறுவனங்களின் ஆட்கள் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் வாதாடி ஒப்புக்கொண்டு 1992இல் முடித்த தரநிலை அது. அப்படிப்பட்ட உழைப்புக்குச் சிலை வைக்க முடியாது. தனிமேதை ஆண்களின் வரலாற்றுக்குப் பதிலாகத் தனிமேதைப் பெண்ணின் வரலாறு எழுதி நமக்கு என்ன ஆகப்போகிறது? குழுவில் ஒருவராக இருந்த பெண்ணை, அந்தக் குழு செய்த வேலையோடு சேர்த்து நினைவில் வைப்பதுதான் கடினம்.

பென்னிபேக்கருடன் மிட்சல் எழுதிய ஜேபெக் நூல் 638 பக்கம். தரநிலையின் வரைவு முழுவதையும் உள்ளே சேர்த்திருந்தார்கள். இலவச ஜேபெக் மென்பொருளை எழுதிப் பரப்பிய தன்னார்வக் குழுவே, இதைவிட நல்ல விளக்கம் இல்லை என்று அந்த நூலைத்தான் கைகாட்டியது. 2001இல் ஐபிஎம் தன் உயர்ந்த தொழில்நுட்பப் பட்டமான ‘ஃபெலோ’ பட்டத்தை அவருக்கு அளித்தது. 2004இல் அமெரிக்கத் தேசியப் பொறியியல் அகாதமியில் உறுப்பினரானார். 2007இல், வேலை வாழ்க்கையை நம் கையில் எடுத்துக்கொள்வது எப்படி என்று இளையவர்களுக்கு ஒரு வழிகாட்டி நூலும் எழுதினார். 2015 டிசம்பரில் காலமானார்.

லேனா படத்தின்மீது எதிர்ப்பு வராமல் இல்லை. 1996இல் படச் செயலாக்க ஆய்விதழ் ஒன்றின் ஆசிரியர் டேவிட் மன்சன், பெரும்பாலும் ஆண்களாக இருந்த துறை தனக்குக் கவர்ச்சியாகத் தெரிந்த படத்தை நாடியதில் வியப்பில்லை என்று எழுதினார். தடை மட்டும் விதிக்கவில்லை. வகுப்பில் விரல்விட்டு எண்ணக்கூடிய மாணவிகள், அந்தப் படம் எங்கிருந்து வந்தது என்பது தெரிந்தே பயிற்சிக் கணக்கைப் போட்டார்கள். மாடலிங்கை விட்டு வெகுகாலமான லேனாவே, 2019இல் வந்த ஓர் ஆவணப்படத்தில், தொழில்நுட்பத் துறையிலிருந்தும் தனக்கு ஓய்வு வேண்டும் என்றார். 2024 ஏப்ரல் 1 முதல் அந்தப் படம் உள்ள கட்டுரைகளை ஏற்பதில்லை என்று ஐ.இ.இ.இ. கணினிச் சங்கம் முடிவெடுத்தது. ஒரு பத்திரிகைப் பக்கத்தை ஆய்வகத்திலிருந்து வெளியே எடுக்க 51 ஆண்டுகள் ஆகியிருந்தன.