ஒப்புதல் என்னும் வாசல்: உதவிபெறும் பள்ளி ஆசிரியர் நியமன வழக்குகளின் வரலாறு

அரசு உதவிபெறும் பள்ளியில் ஆசிரியரை நியமிப்பது நிர்வாகம். ஊதியம் தருவது அரசு. இரண்டுக்கும் நடுவில் கல்வி அலுவலரின் பணி நியமன ஒப்புதல் நிற்கிறது. அது வரும்வரை கருவூலத்திலிருந்து ஊதியம் வராது. மானியக் கணக்கைச் சரிபார்க்கப் பிறந்த இந்த ஒப்புதல், காலப்போக்கில் நியமனத்தையே முடக்கும் அதிகாரமாக வளர்ந்தது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

1854ஆம் ஆண்டின் உட் கல்வி அறிக்கையைத் தொடர்ந்து மதராஸ் மாகாணம் மானிய விதிகளை வகுத்தது. மானியம் தருபவர் ஆசிரியரின் தகுதியைக் கேட்கும் வழக்கம் அப்போதே வேர்விட்டது. ஆனால் இன்றைய வழக்குகளின் ஊற்று, 1973ஆம் ஆண்டின் தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் (ஒழுங்குமுறை) சட்டமும் 1974ஆம் ஆண்டின் விதிகளும்தான். விதி 15(4)இன்படி, காலியிடத்தை முதலில் அதே பள்ளியில் தகுதியுள்ளவருக்குப் பதவி உயர்வாகத் தர வேண்டும். அப்படி யாரும் இல்லாதபோது வேறு பள்ளியிலிருந்தோ நேரடியாகவோ நியமிக்கலாம். அதற்குக் கல்வி அலுவலரின் முன் அனுமதி வேண்டும். நியமனத்துக்கு முன்னால் அனுமதி, பின்னால் ஒப்புதல் என்று இரண்டு வாசல்கள். சட்டத்தின் பல பிரிவுகள் சிறுபான்மைப் பள்ளிகளுக்குப் பொருந்தா என்று சென்னை உயர் நீதிமன்றம் 1975 டிசம்பர் 17 அன்று தீர்ப்பளித்தது. 1977இல் அவற்றுக்குத் தனி விதிகள் வந்தன. முதல் வாசல் அப்பள்ளிகளுக்கு நீங்கியது, இரண்டாவது நீங்கவில்லை.

அந்த இரண்டாம் வாசலில் நடப்பதைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். செயலர் அனுப்பும் கருத்துருவில் பள்ளிக் குழுத் தீர்மானம், நியமன ஆணை, பணியேற்பு அறிக்கை, சான்றிதழ்கள், பணியாளர் நிர்ணய ஆணை, முன்பு அந்தப் பணியிடத்தில் இருந்தவர் ஓய்வுபெற்றதற்கான ஆவணம் எல்லாம் இருக்கும். ஏதோ ஒரு குறை சொல்லி அது திரும்பி வரும். ஆசிரியரோ நிர்வாகமோ நீதிப்பேராணை மனு போடுவார்கள். குறித்த வாரங்களுக்குள் மறுபரிசீலனை செய்யும்படி நீதிமன்றம் ஆணையிடும். அலுவலகம் வேறொரு காரணம் காட்டி மறுபடியும் நிராகரிக்கும். அதை எதிர்த்து இன்னொரு மனு. இதற்கிடையே அந்த ஆசிரியர் அன்றாடம் வகுப்பெடுத்துக்கொண்டுதான் இருக்கிறார். ஒப்புதல் பணியேற்ற நாளிலிருந்தா, ஆணை பிறந்த நாளிலிருந்தா என்பதே பின்னர் தனி வழக்காகிவிடுகிறது. நிலுவை ஊதியம் முழுவதும் அந்த ஒரு தேதியில் தொங்குகிறது.

தூரமும் ஒரு சுமை. சேலம் மாவட்டம் கெங்கவல்லி வட்டத்துத் தம்மம்பட்டியில் இப்படி ஒரு நியமனம் சிக்கினால் வழக்குக்குச் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். தம்மம்பட்டியிலிருந்து பேருந்தில் எட்டிவிடும் துறையூர் திருச்சி மாவட்டம் என்பதால், அந்த ஊர் ஆசிரியர் 2004இல் தொடங்கிய அந்நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகிறார்.

மறுப்புக்கான காரணங்கள் காலந்தோறும் மாறின. 1991-92 கல்வியாண்டு முதல் தொடங்கிய பள்ளிகளுக்கும் வகுப்புகளுக்கும் மானியம் இல்லை என்றானது. 1997 டிசம்பர் 29ஆம் நாளிட்ட அரசாணை 525 மாணவர் எண்ணிக்கையைக் கொண்டு பணியிடங்களை நிர்ணயித்தது. ஆண்டுதோறும் ஆகஸ்ட் 1ஆம் தேதி வருகைப் பதிவு நிர்ணயத்துக்கு அடிப்படையாயிற்று. சேர்க்கை குறைந்த பள்ளிகளில் உபரி ஆசிரியர்கள் உருவானார்கள். ஒரே நிர்வாகத்தின் இன்னொரு பள்ளியில் உபரி இருக்கும்போது இங்கே புது நியமனம் எதற்கு என்று அரசு கேட்டது. பொதுப்பணம் சார்ந்த அந்தக் கேள்வி நியாயமானதே. ஆனால் உபரிக் கணக்கை முடிக்காமலே ஆண்டுக்கணக்கில் கருத்துருக்களை நிறுத்திவைப்பதற்கு அது நியாயம் ஆகாது. மானியம் பெறுவது அடிப்படை உரிமை அல்ல என்று உச்ச நீதிமன்றம் 2021இல் ஓர் உத்தரப் பிரதேச வழக்கில் சொன்னது உண்மை. அதைக் காட்டி, ஏற்கெனவே அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில் உழைத்தவரின் ஊதியத்தை மறுக்க முடியாது.

2011 நவம்பர் 15ஆம் நாளிட்ட அரசாணை 181 ஆசிரியர் தகுதித் தேர்வைக் கட்டாயமாக்கியபின், தேர்ச்சி பெறாதோரின் கருத்துருக்கள் தேங்கின. இந்தத் தேர்வுக்கு அடிப்படையான கல்வி உரிமைச் சட்டம் சிறுபான்மைப் பள்ளிகளுக்குப் பொருந்தாது என்ற உச்ச நீதிமன்றத்தின் 2014ஆம் ஆண்டு பிரமதி தீர்ப்பை வைத்து, அப்பள்ளிகளுக்குத் தகுதித் தேர்வு தேவையில்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் 2016இல் கூறியது. 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம், ஓய்வுக்கு ஐந்தாண்டுக்குமேல் இருக்கும் பணியிலுள்ள ஆசிரியர்களும் தேர்ச்சி பெற வேண்டும் என்றது. சிறுபான்மைப் பள்ளிகள் குறித்த கேள்வியைப் பெரிய அமர்வுக்கு அனுப்பியது. 1973ஆம் ஆண்டுச் சட்டத்தின் இடத்தில் 2018ஆம் ஆண்டின் தனியார் பள்ளிகள் சட்டம் 2023 முதல் நடைமுறையில் இருக்கிறது; ஆனாலும் பழைய விதிகளின் கீழ் நியமிக்கப்பட்டவர்களின் வழக்குகளைப் பழைய விதிகளை வைத்தே தீர்க்க வேண்டியிருக்கிறது.